இடிபாட்டைப் பார்க்கப் போன இடத்தில் வி.ஆர். கண்ணாடி எதற்கு?

கேள்வி இதுதான்: "மே மாதம் குடும்பத்தோடு ரோம் போகிறோம். அம்மாவுக்கு 68 வயது, பையனுக்கு 10. பழைய இடிபாடுகளில் இப்போது வி.ஆர். (மெய்நிகர்க் காட்சி) கண்ணாடி மாட்டிவிட்டு, அந்தக் காலத்தில் எப்படி இருந்தது என்று காட்டுகிறார்களாமே? அவ்வளவு தூரம் செலவழித்துப் போய், நிஜத்தைப் பார்க்காமல் கண்ணை மூடிக்கொண்டு படம் பார்ப்பானேன்? அதை வீட்டிலேயே யூடியூபில் பார்த்துவிடலாமே?"

நியாயமான கேள்வி. நான் 14 வருடமாக ரோமில் இருக்கிறேன். ஊரிலிருந்து வரும் சொந்தக்காரர்கள், நண்பர்கள் என்று வருடத்துக்கு நாலைந்து குடும்பங்களையாவது இடிபாடுகளுக்குக் கூட்டிப் போகிறேன். அதில் பாதிப் பேர் நீங்கள் கேட்டதையேதான் கேட்கிறார்கள். அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

எல்லா இடத்துக்கும் ஒரே பதில் கிடையாது. ஓர் இடிபாட்டுக்குப் போகும்போது, அங்கே எது தொலைந்துபோயிருக்கிறது என்று முதலில் பார்க்க வேண்டும். சில இடங்களில் கூரை போயிருக்கும். சில இடங்களில் நிறம் போயிருக்கும். சில இடங்களில் எல்லாமே போய் வெறும் புல்தரை மட்டும் மிஞ்சியிருக்கும். தொலைந்ததை மட்டும், அது தொலைந்த இடத்திலேயே, ஐந்து பத்து நிமிடம் காட்டிவிட்டு, உங்கள் கண்ணை உங்களிடமே திருப்பிக் கொடுக்கிற வி.ஆர். நல்ல வி.ஆர். அந்தக் கணக்கில் ரோமில் ஓர் இடத்தை மட்டும் கண்ணாடியோடுதான் பார்க்க வேண்டும் என்று அடித்துச் சொல்வேன். டோமுஸ் அவுரேயா, அதாவது பொன் வீடு. கொலோசியத்திலிருந்து எழுந்து நடந்தால் பத்து நிமிடத்தில் போய்விடலாம். ஆனால் கொலோசியத்துக்கு வருகிறவர்களில் நிறையப் பேருக்கு, எதிரே உள்ள மேட்டுப் பூங்காவுக்கு அடியில் ரோமப் பேரரசன் நீரோவின் மாளிகை புதைந்து கிடக்கிறது என்பதே தெரியாது.

கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். தெரியாமல் உள்ளே போனால் பாதி ருசிதான் கிடைக்கும். கி.பி. 64 ஜூலையில் ரோம் பற்றி எரிந்தது. எரிந்துபோன நிலத்தில் பெரும் பகுதியை வளைத்துப் போட்டு நீரோ ஒரு மாளிகை கட்டத் தொடங்கினான். கட்டியவர்கள் செவெரஸ், செலெர் என்ற இரண்டு பேர். நகரத்தின் நடுவிலேயே ஒரு செயற்கை ஏரி, சுற்றிலும் வயல், தோப்பு, மேய்ச்சல் நிலம். அதில் தங்கமும் ரத்தினமும் பெரிய விஷயமில்லை, நகரத்துக்கு நடுவில் இவ்வளவு வெட்டவெளி இருந்ததுதான் அதிசயம் என்று ரோமானிய வரலாற்றாசிரியர் டாசிடஸ் எழுதி வைத்திருக்கிறார். வேலை முடிந்து உள்ளே போனபோது, "இப்போதுதான் ஒரு மனிதன் மாதிரி வாழத் தொடங்குகிறேன்" என்கிற பொருளில் நீரோ சொன்னதாக, பேரரசர்களின் வாழ்க்கைக் கதைகளை எழுதிய சூட்டோனியஸ் குறித்திருக்கிறார். நாலே வருடம். 68இல் நீரோ செத்துப்போனான்.

அப்புறம் வந்த பேரரசர்களுக்கு அந்த வீடு அவமானச் சின்னம். ஏரியை வற்றவைத்த இடத்தில் வெஸ்பாசியன் கொலோசியத்தைக் கட்டத் தொடங்கினார். மேட்டின் மேல் இருந்த பகுதி 104இல் ஒரு தீ விபத்தில் சிக்கியது. பிறகு டிராஜன் அதன் தலைமேலேயே பெரிய பொதுக் குளியல் மண்டபம் கட்டினார். 109இல் அது திறக்கப்பட்டது. கட்டட நிபுணர், டமாஸ்கஸ்காரரான அப்போலோடோரஸ். அவர் நீரோவின் வீட்டை முழுக்க இடித்துவிடவில்லை. சுவரில் பதித்திருந்த பளிங்கை உரித்து எடுத்துக்கொண்டார்கள். திறந்த முற்றங்களிலும் முன்வாசலிலும் வரிசை வரிசையாகத் தாங்குசுவர் எழுப்பினார்கள். மிச்சமிருந்த அறைகளைக் கூரை வரைக்கும் மண்ணால் அடைத்தார்கள். ஒரு மாளிகை அப்படியே அஸ்திவாரமாகிப்போனது.

மண் போட்டு அடைத்ததால்தான் அது இன்றைக்கும் இருக்கிறது. சுமார் 150 அறைகள். சுவரும் வளைகூரையும் நிற்கின்றன. சுவரோவியங்களும் சுதை வேலையும் (நம் கோபுரங்களில் பார்ப்போமே, அதே மாதிரி சுண்ணச் சாந்தில் புடைத்து எடுத்தவை) அங்கங்கே பிழைத்திருக்கின்றன. வீடு முழுக்க இருக்கிறது, ஆனால் வெளிச்சம் இல்லை. தெற்கே ஏரியைப் பார்த்து, காலை முதல் மாலை வரை வெயில் உள்ளே விழும்படி திட்டம் போட்டுக் கட்டிய வீடு, 1900 வருடமாக இருட்டில் கிடக்கிறது.

நேரில் போனால் எப்படி இருக்கும் என்று சொல்கிறேன். வாசலிலேயே தலைக்கு ஹெல்மெட் கொடுப்பார்கள். அது அலங்காரத்துக்கு இல்லை. 2010 மார்ச்சில் பெரிய மழைக்குப் பிறகு, மேலே டிராஜன் கட்டிய பகுதியில் ஒரு வளைகூரை இடிந்து விழுந்தது. மேலே பூங்கா, மரங்களின் வேர் கூரைக்குள் இறங்குகிறது, மழைத் தண்ணீர் கசிகிறது, ஈர மண்ணின் பாரம் அழுத்துகிறது. பாதுகாப்பு வேலை இன்னும் நடந்துகொண்டே இருக்கிறது. 2014இல் திரும்பத் திறந்ததே வார இறுதிகளில் மட்டும், வழிகாட்டியோடு மட்டும், சின்னச் சின்னக் குழுக்களாகத்தான். வழிகாட்டிகள் தொல்லியல் படித்தவர்கள். மனப்பாடம் செய்து ஒப்பிக்கிறவர்கள் இல்லை.

உள்ளே காலை வைத்ததும் முதலில் உறைப்பது குளிர். வெளியே வெயில் கொளுத்தினாலும் உள்ளே 10 டிகிரி சொச்சம்தான். ஈர மண் வாசனை. தலைக்கு மேலே பத்து மீட்டருக்கும் கூடுதலான உயரத்தில் கூரை. செங்கல் சுவர் இரண்டு பக்கமும் நெருக்கிக்கொண்டு போகும். நீண்ட நடைவழி ஒன்றில் வழிகாட்டி டார்ச் அடித்துக் காட்டுவார்: கூரையில் விரலளவுப் பறவை ஒன்று, பக்கத்தில் பாதி மனிதன் பாதி செடியாக ஓர் உருவம், அதற்குப் பக்கத்தில் யாரோ கிறுக்கிய பெயர்கள். அவ்வளவு உயரத்தில் யார் போய்க் கிறுக்கினார்கள்? 1480 வாக்கில் இந்த இடத்தைக் கண்டுபிடித்தபோது அறைகள் மண்ணால் நிரம்பியிருந்தன. மேலே ஓட்டை போட்டு, கயிறு கட்டி இறங்கி, கூரைக்கும் மண்ணுக்கும் நடுவே இருந்த சந்தில் ஊர்ந்து போய், தீவட்டி வெளிச்சத்தில் ஓவியர்கள் இவற்றைப் பார்த்து வரைந்துகொண்டார்கள். கூரை அவர்களுக்குக் கையெட்டும் தூரத்தில் இருந்தது. பிந்துரிக்கியோ, கிர்லாந்தாயோ, ரஃபேல் எல்லோரும் இந்த அலங்காரத்தைப் படித்தவர்கள். குகை என்று நினைத்ததால், குகையைக் குறிக்கும் 'குரோட்டா' என்ற இத்தாலியச் சொல்லிலிருந்து அந்தப் பாணிக்கு 'குரோட்டெஸ்க்' என்று பெயர் வந்தது. வத்திக்கானில் ரஃபேல் அலங்கரித்த லோஜா என்ற நடைமாடம் முழுக்க இந்தப் பாணிதான்.

இதெல்லாம் அருமைதான். ஆனால் உண்மையைச் சொல்ல வேண்டுமென்றால், நாற்பது நிமிடம் ஆனதும் கூட வருகிறவர்கள் களைத்துவிடுவார்கள். எத்தனை இருட்டறையைத்தான் பார்ப்பது? இது மாளிகை என்று மூளைக்குத் தெரிகிறது, உடம்பு அது சுரங்கம் என்றே சொல்கிறது. அந்தக் கட்டத்தில்தான் பொன் வளைகூரை அறைக்குக் கூட்டி வருவார்கள். 2017 பிப்ரவரியிலிருந்து அங்கே வி.ஆர். இருக்கிறது. வரிசையாக இருக்கைகள், ஒவ்வொன்றிலும் ஓர் ஆக்குலஸ் ஹெட்செட்.

உட்கார்ந்து மாட்டிக்கொண்டால், நீங்கள் உட்கார்ந்திருக்கும் அதே அறைதான் தெரியும். இதுதான் முக்கியம்: வேறெங்கேயோ கொண்டுபோகவில்லை. அப்புறம் இடது கையும் வலது கையும் தெரியாத இருட்டாக இருந்த அறைக்குள் பகல் வெளிச்சம் நுழைகிறது. வெறும் செங்கலாக இருந்த சுவரில் பளிங்கு ஏறுகிறது. நிமிர்ந்து பார்த்தால் கூரை முழுக்கச் சுதை வேலை, அதன்மேல் தங்க ரேக்கு, நடுநடுவே சிவப்பும் நீலமுமாகக் கட்டங்கள். எதிரே, டிராஜனின் சுவர் மறித்துக்கொண்டு நின்ற இடத்தில், ஐங்கோண வடிவில் ஒரு முற்றம் திறந்து கிடக்கிறது. அதன் வழியே பார்வை வெளியே மிதந்து போனால் தூண் வரிசை, தோட்டம், கீழே பள்ளத்தாக்கு. அதற்குள் வெயில். அந்த வெயிலுக்காகத்தான் இத்தனையும் கட்டினார்கள் என்பது அந்த நொடியில் யாரும் சொல்லாமலே புரிந்துவிடும்.

என் பெரியம்மாவை ஒருமுறை கூட்டிப் போனேன். கும்பகோணம் பக்கம், முற்றம் வைத்த வீட்டில் பிறந்து வளர்ந்தவர். 70ஐத் தாண்டியிருந்தார். ஹெட்செட்டைக் கழற்றியதும் எழுந்திருக்கவில்லை. ஹெல்மெட்டை ஒரு கையால் பிடித்துக்கொண்டு கூரையையே பார்த்துக்கொண்டிருந்தார். எதையோ தேடுகிறார் என்று புரிந்தது. கொஞ்ச நேரம் கழித்து ஒரு மூலையைக் காட்டி, "அதோ பாரு, அங்க மட்டும் இன்னும் ஒட்டிக்கிட்டிருக்கு" என்றார். நான் நாலைந்து முறை போன இடம். கூரையில் பொன் மினுக்கு மிச்சமிருப்பதை அன்றைக்குத்தான் சரியாகப் பார்த்தேன். அப்புறம் எதிரே இருந்த சுவரைப் பார்த்துவிட்டு, "முற்றத்தை அடைச்சுட்டானே பாவி" என்றார். இரண்டாயிரம் வருடத்துக்கு முந்தைய ஒரு காரியத்துக்கு அன்றைக்கு ஒருவருக்கு நிஜமாகவே மனசு வலித்தது. வழிகாட்டியின் ஒரு மணி நேர விளக்கமும், டார்ச் வெளிச்சமும், அந்தச் சில நிமிடப் படமும் சேர்ந்துதான் அதைச் செய்தன. ஏதாவது ஒன்று குறைந்திருந்தாலும் நடந்திருக்காது.

வீட்டில் யூடியூபில் பார்த்தால் போதாதா என்று கேட்டீர்களே, அதற்கு என் பதில் இதில்தான் இருக்கிறது. கழித்தல் கணக்குக்கு இரண்டு எண் வேண்டும். இருந்தது ஒன்று, இருப்பது ஒன்று. வீட்டில் உட்கார்ந்து பார்த்தால் முதல் எண் மட்டும் கிடைக்கும். கண்ணாடி இல்லாமல் இடிபாட்டில் நின்றால் இரண்டாவது மட்டும் கிடைக்கும். இரண்டையும் ஒரே நாற்காலியில், அரை நிமிட இடைவெளியில் பார்த்தால்தான் எவ்வளவு போயிருக்கிறது என்று மனசு தானாகக் கழித்துப் பார்க்கும். அதனால் ஹெட்செட்டைக் கழற்றிய பிறகு வரும் நிமிடம்தான் இந்தச் சுற்றுலாவின் உச்சம் என்று நான் நினைக்கிறேன். பலர் அப்போது கைப்பையைத் தேடிக்கொண்டு எழுந்துவிடுகிறார்கள்.

இன்னொரு சந்தேகமும் வரும். அறை இருட்டு என்றால் நல்ல விளக்குப் போட்டுக் காட்டலாமே, எதற்கு இந்தக் கருவியெல்லாம்? போடக்கூடாது. மண்ணுக்குள் காற்றுப்படாமல் கிடந்தவரை அந்த ஓவியங்கள் பத்திரமாக இருந்தன. தோண்டித் திறந்ததிலிருந்து ஈரம், சுவரிலிருந்து பூக்கும் உப்பு, பாசி, நுண்ணுயிர்கள், பார்வையாளர்களின் மூச்சு என்று எல்லாம் சேர்ந்து அரிக்கின்றன. பலமான விளக்கு பாசியைத்தான் வளர்க்கும். மேலே இருக்கும் மண்ணை முழுக்க எடுத்துவிட்டு வெயிலைக் காட்டலாம் என்றால் டிராஜனின் கட்டடமும் பூங்காவும் போய்விடும். நீரோவின் வெளிச்சத்தை நிஜமாகத் திருப்பித் தர வழியே கிடையாது. சுவரைத் தொடாமல், ஓவியத்தின்மேல் கூடுதலாக ஒரு வெளிச்சமும் படாமல் அதைக் காட்ட வேண்டும் என்றால், பார்க்கிறவரின் கண்ணுக்குள் மட்டும் காட்டுவதுதான் வழி. இந்த இடத்தில் வி.ஆர். வேடிக்கைப் பொருள் இல்லை, பாதுகாப்பு வேலையில் அதுவும் ஒரு பங்கு.

சரி, காட்டுவது உண்மையா? இதைக் கேட்காமல் யாரும் ஹெட்செட் மாட்டக் கூடாது. பொன் வளைகூரை விஷயத்தில் நமக்கு ஒரு அதிர்ஷ்டம். பிரான்சிஸ்கோ தே ஓலாந்தா என்ற போர்ச்சுக்கீசிய ஓவியர் 1538 வாக்கில் ரோமுக்கு வந்தபோது அந்தக் கூரையை நீர்வண்ணத்தில் வரைந்து வைத்தார். அந்தச் சித்திரம் ஸ்பெயினில் எஸ்கோரியல் நூலகத்தில் இருக்கிறது. இன்று உதிர்ந்துபோன பல கட்டங்களில் என்ன இருந்தது என்பது அதிலிருந்து தெரிகிறது. கூரையில் ஒட்டியிருக்கும் சுதைத் துண்டுகள், ரேக்கின் மிச்சம், பளிங்குப் பலகையைப் பதித்த துளைகள், இவையும் சாட்சி. அறையின் அளவு லேசர் ஸ்கேனில் துல்லியமாகக் கிடைத்துவிடும். ஆனால் தோட்டத்தில் எந்த மரம் எங்கே நின்றது, எந்தச் சிலை எந்த மாடத்தில் இருந்தது என்பதெல்லாம் அப்படி இல்லை; அங்கே வரைகிறவரின் படிப்பும் ஊகமும் வேலை செய்யும். திரையில் ஆதாரமுள்ளதும் ஊகமும் ஒரே பளபளப்போடு தெரியும். பார்க்கிறவரால் பிரித்துச் சொல்ல முடியாது.

இந்த ஆபத்தைத் துறையில் இருப்பவர்கள் தெரிந்துதான் வைத்திருக்கிறார்கள். 2006இல் லண்டன் சாசனம் என்று ஒன்று எழுதினார்கள். 2011இல் தொல்லியலுக்கென்றே செவில் நெறிகள் வந்தன. இரண்டும் வலியுறுத்துகிற ஒரு விஷயம், எது ஆதாரத்தில் நிற்கிறது, எது ஊகம் என்பதை மறைக்காமல் காட்ட வேண்டும், ஏன் அப்படி முடிவெடுத்தோம் என்று பதிந்து வைக்க வேண்டும் என்பது. நடைமுறையில் பார்வையாளரிடம் அது வந்து சேர்வது வழிகாட்டியின் வாய் வழியாகத்தான். ஆகவே கூச்சப்படாமல் கேளுங்கள்: "இந்த நிறம் எப்படித் தெரியும்?" நல்ல வழிகாட்டிக்கு இந்தக் கேள்வி ரொம்பப் பிடிக்கும்.

எனக்கு இருக்கிற ஒரே மனக்குறை, வி.ஆர். காட்டும் பழைய உலகம் எப்போதும் துடைத்து வைத்த மாதிரி இருப்பது. அந்த மாளிகையில் விளக்கேற்றியவர்கள், தண்ணீர் தூக்கியவர்கள், தரை துடைத்தவர்கள் எல்லாம் அடிமைகள். அவர்கள் எந்தப் படத்திலும் வருவதில்லை. இத்தனை அறைகளில் சமையலறை என்று அடையாளம் காணும்படி ஒன்று கிடைக்கவில்லை; விருந்துக்கும் வேடிக்கைக்குமான கட்டடமாகத்தான் இந்தப் பகுதி இருந்திருக்க வேண்டும் என்கிறார்கள். அப்படியென்றால் சாப்பாடு எங்கிருந்து, யார் தலையில் வந்தது? படம் பார்க்கும்போது அந்த ஆட்களையும் நீங்களே மனசில் போட்டுக்கொள்ளுங்கள்.

இனி மற்ற இடங்கள். கரகல்லா குளியல் மண்டபத்திலும் 2017 முதல் வி.ஆர். வந்தது, கையில் பிடித்துக் கண்ணில் வைத்துப் பார்க்கும் கருவி. அங்கே எனக்கு அது இரண்டு மூன்று இடங்களில் மட்டும்தான் தேவைப்பட்டது. காரணம் சுலபம்: அங்கே சுவர்களே வானளாவ நிற்கின்றன, மேலே ஆகாயம் திறந்திருக்கிறது, பிரம்மாண்டம் தானாகத் தெரிகிறது. தொலைந்தவை சிலைகள். 1540களில் தோண்டி எடுத்த ஃபார்னீஸ் எருதும் ஹெர்குலிஸும் இப்போது நேப்பிள்ஸ் அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. அவற்றைப் பழைய இடத்தில் வைத்துப் பார்ப்பது நல்ல அனுபவம். மற்ற நேரம் கருவியைக் கழுத்தில் தொங்கவிட்டு நடங்கள்.

சர்க்கஸ் மாக்சிமஸில் 2019இல் தொடங்கியது இதற்கு நேர் எதிர். தேர்ப்பந்தயம் நடந்த இடம் இப்போது நீளமான புல்வெளிப் பள்ளம். கண்ணாடியில் லட்சம் பேர் கத்துகிற மைதானம் தெரியும். கழற்றினால் நாயைக் கூட்டிக்கொண்டு நடப்பவர்கள் தெரிவார்கள். திரும்பி வந்து கண் பற்றிக்கொள்ள அங்கே கல் அதிகமில்லை. உங்கள் பையன் மாதிரி வயதுக்காரர்களுக்குப் பிடிக்கக்கூடிய காட்சிதான், ஆனால் எனக்கு மனசில் ஒட்டவில்லை.

அரா பாசிஸ் வேறு வகை. கி.மு. 9இல் அகஸ்டஸின் பெயரால் அர்ப்பணிக்கப்பட்ட பளிங்குப் பலிபீடம். 2016இல் அங்கே இரவு நேரக் காட்சி தொடங்கினார்கள். இங்கே தொலைந்தது நிறம். நாம் வெள்ளைவெளேர் என்று பார்க்கிற ரோமானியச் சிற்பங்களில் பெரும்பாலானவை அந்தக் காலத்தில் வண்ணம் பூசியவை. கேமரா கண்முன்னால் இருக்கும் சிற்பத்தை அடையாளம் கண்டு, அதன்மேலேயே நிறத்தை ஏற்றிக் காட்டியது. நீங்கள் போகும் நாட்களில் நடக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள். நம் கோபுரங்களின் வண்ணத்தைப் பார்த்துப் பழகிய கண்ணுக்கு அது அதிர்ச்சியாக இருக்காது, சொந்தமாக இருக்கும்.

ஒரு கசப்பான அனுபவத்தையும் சொல்ல வேண்டும். வேறோர் ஊரில், திறந்தவெளி இடிபாடு ஒன்றில், ஆகஸ்ட் மதியம் இப்படி ஒரு சுற்றுலாவுக்குப் பணம் கட்டினோம். போனைச் செருகி மாட்டும் மலிவான கருவி. வெயிலில் போன் சூடாகி இரண்டாவது நிறுத்தத்திலேயே அணைந்தது. மாற்றிக் கொடுத்ததில் படம் ஒரு பக்கம், நிஜச் சுவர் ஒரு பக்கம். எட்டுப் பேர் எட்டு இடத்தைப் பார்த்துக்கொண்டிருந்தோம். காதில் பதிவுசெய்த குரல் ஓடியதால் கூட வந்த வழிகாட்டிக்குப் பேசவே வேலை இல்லை. நிழலில் நின்று எங்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். அன்றைக்குத்தான் தெரிந்துகொண்டேன்: முன்பதிவு செய்யும்போது கருவியைப் பற்றிக் கேட்பதைவிட, கூட வருகிறவர் பேசுவாரா என்று கேட்பது முக்கியம்.

இப்போது உங்கள் அம்மா விஷயம். தலை சுற்றுமா என்பதுதான் பெரியவர்களின் பயம். கண் நகர்வதாகச் சொல்கிறது, உள்காதில் இருக்கும் சமநிலை உறுப்பு நகரவில்லை என்கிறது. அந்த முரண்பாட்டில்தான் குமட்டல் வருகிறது. டோமுஸ் அவுரேயாவில் உட்கார்ந்தே பார்ப்பதாலும், படம் சில நிமிடமே ஓடுவதாலும், கருவி நொடிக்கு 90 படம் ஓட்டுவதால் தலை திரும்பும் வேகத்துக்குக் காட்சி ஈடுகொடுப்பதாலும் பெரும்பாலானவர்களுக்கு ஒன்றும் செய்வதில்லை. பார்வை வெளியே மிதந்து போகும் கட்டத்தில் மட்டும் வயிற்றில் லேசாக ஒரு மாதிரி இருக்கலாம். அப்படி இருந்தால் கண்ணை மூடிக்கொண்டு பத்து எண்ணச் சொல்லுங்கள். மூக்குக் கண்ணாடியோடு பெரும்பாலும் மாட்டலாம். பெரிய பிரேம் என்றால் சிரமம். வெறும் வயிற்றோடும் வேண்டாம், பாஸ்தாவை முழுத் தட்டு காலிசெய்துவிட்டும் வேண்டாம்.

மொழியும் ஒரு பிரச்சினை. விளக்கம் இத்தாலியிலும் ஆங்கிலத்திலும் இருக்கும். அம்மாவுக்கு ஆங்கிலம் ஓடாது என்றால் முந்தின நாள் இரவே கதையைத் தமிழில் சொல்லிவிடுங்கள்: தீப்பிடித்தது, வீடு கட்டினான், செத்தான், மண் போட்டு மூடினார்கள், ஓவியர்கள் கயிற்றில் இறங்கினார்கள். இந்த ஐந்து போதும். உள்ளே போய்க் கிசுகிசுத்தால் பக்கத்தில் இருப்பவர்களுக்கும் தொல்லை, அம்மாவும் பாதியைத்தான் கேட்பார்.

பையனைப் பற்றிக் கொஞ்சம் யோசிக்க வேண்டும். டோமுஸ் அவுரேயாவில் இது தொடங்கிய காலத்தில் ஆக்குலஸ் நிறுவனமே தன் கருவிக்கு வைத்திருந்த குறைந்தபட்ச வயது 13. வளரும் குழந்தையின் கண் இடைவெளிக்கு இந்த லென்சுகள் சரியாகப் பொருந்துவதில்லை என்பது ஒரு காரணம். ஒவ்வோர் இடத்திலும் வயது விதி வேறு, அடிக்கடி மாறவும் செய்யும். டிக்கெட் எடுப்பதற்கு முன் கேட்டுவிடுங்கள். அவனுக்கு ஹெட்செட் கிடையாது என்று சொல்லிவிட்டால், எல்லோரும் தலையை ஆட்டி ஆட்டி வாயைப் பிளந்துகொண்டிருக்கும்போது அவன் மட்டும் இருட்டில் உட்கார்ந்திருக்க வேண்டிவரும். அது நியாயமில்லை.

அதற்கு ஒரு நல்ல ஈடு இருக்கிறது: டிராஜன் தூணுக்குப் பக்கத்தில் பலாத்சோ வாலெந்தினி. ஓர் அரசு அலுவலகக் கட்டடத்துக்கு அடியில் பணக்கார ரோமானியர் வீடுகளைத் தோண்டி எடுத்து, மேலே கண்ணாடித் தரை போட்டிருக்கிறார்கள். அதில் நடந்தபடி கீழே பார்த்தால், உடைந்த மொசைக் தரையின் விடுபட்ட துண்டுகள் ஒளியாக வந்து நிரம்புகின்றன. சுவரில் நிறம் ஏறுகிறது. வெறும் தொட்டியில் தண்ணீர் அலையடிக்கிறது. ஹெட்செட் எதுவும் கிடையாது, எல்லாம் ஒளி வீச்சு. இத்தாலியத் தொலைக்காட்சியில் அறிவியலை வீட்டுக்கு வீடு கொண்டுசேர்த்த பியேரோ ஆஞ்செலாவும் இயற்பியலாளர் பாக்கோ லான்சியானோவும் அமைத்தது. பாட்டியும் பேரனும் கையைப் பிடித்துக்கொண்டு ஒரே காட்சியை ஒன்றாகப் பார்க்கலாம். ஹெட்செட்டில் அது நடக்காது. அதில் ஒவ்வொருவரும் தனித்தனி. குடும்பமாக வருகிறவர்களுக்கு ஒன்றே ஒன்றுக்குத்தான் நேரம் என்றால், மனசில்லா மனசோடு நான் இதைத்தான் சொல்வேன்.

இரண்டுக்கும் நேரம் இருந்தால் டோமுஸ் அவுரேயாவைக் காலையில் வையுங்கள். முன்பதிவு கட்டாயம், எந்தெந்த நாளில் திறக்கிறார்கள் என்று பார்த்துக்கொள்ளுங்கள், சுற்று முடிய ஒன்றேகால் மணி நேரத்துக்கு மேல் ஆகும். மே மாதம்தானே என்று விட்டுவிடாமல் மூன்று பேருக்கும் ஸ்வெட்டர் எடுத்துக்கொள்ளுங்கள், வழுக்காத செருப்பு போடுங்கள். முடிந்ததும் டாக்சி பிடிக்காமல் பூங்கா வழியாகக் கீழே இறங்கிக் கொலோசியத்துக்கு நடந்து போங்கள். இறங்கும்போது பையனிடம் சொல்லுங்கள்: இப்போது நாம் ஏரிக்குள் இறங்கிக்கொண்டிருக்கிறோம். மாளிகையின் முன்வாசலில் நீரோவுக்கு ஒரு ராட்சத வெண்கலச் சிலை இருந்தது, கொலோசியம் என்ற பெயரே அந்தக் 'கொலோசஸ்' சிலையால் வந்தது, பின்னால் வந்த பேரரசர் அட்ரியன் அதை இடம் மாற்றியபோது 24 யானைகளைப் பூட்டி இழுத்தார்கள் என்று பழைய வரலாறு ஒன்றில் எழுதியிருக்கிறது. பெரியம்மாவோடு நடந்த அன்றைக்கு நானும் இதைச் சொன்னேன். அவர் நின்று, தண்ணீர் எதுவரைக்கும் இருந்திருக்கும் என்று கையால் காட்டச் சொன்னார்.